வாசகர் கேள்வி – பதில்: புல் போர்த்திய மணல்மேடுகள்

சென்ற இதழில் அமெரிக்காவின் நெப்ராஸ்கா மாநிலத்திலுள்ள ‘சேண்ட்ஹில்ஸ்’ மணல்மேட்டுப் பகுதியைப் பற்றிய படக்கட்டுரை வெளியானது. அதைப் படித்துவிட்டு வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் ஒரே பொருளைக் கேட்டவற்றைச் சேர்த்து, இந்த இதழின் பதில் பகுதி முழுவதையும் அந்நிலத்துக்கே ஒதுக்கியிருக்கிறோம்.

கேள்வி: மணல்மேடு என்று எழுதியிருந்தீர்கள்; படத்திலோ கண்ணுக்கெட்டிய தூரம்வரை பச்சைப் புல்வெளிதான் தெரிகிறது. அது உண்மையிலேயே மணல்தானா? (திருச்சி வாசகி)

பதில்: ஐயமே வேண்டாம், மணல்தான். அங்கே ஒரு மேட்டின் மீது ஏறி, புல்லை விலக்கிக் கையால் கிளறினால், வேரும் மக்கிய தழையும் கலந்து சற்றே கருத்த மணல் ஒரு சாண் அளவுக்கு இருக்கும். அதற்குக் கீழே தோண்டத் தோண்ட வெளிறிய நுண்மணல் மட்டுமே வரும். கல்லோ களிமண்ணோ தட்டுப்படாது. ஏறத்தாழ 50,000 சதுர கிலோமீட்டர் பரப்பில், அதாவது தமிழ்நாட்டின் பரப்பில் ஐந்தில் இரண்டு பங்குக்குச் சற்றுக் குறைவான அளவில், இந்த மேடுகள் அலையலையாகக் கிடக்கின்றன. பெரிய மேடுகள் 120 மீட்டர் உயரமும் 30 கிலோமீட்டர் நீளமும் உடையவை. மேற்கு அரைக்கோளத்திலேயே மிகப் பெரிய மணல்மேட்டுத் தொகுதி இதுதான்.

மணல் இருந்தால் பாலைவனம் என்று நம் பாடப்புத்தகங்கள் பழக்கிவிட்டன. ஆனால் ஒரு நிலம் பாலையாவதும் ஆகாததும் மழையைப் பொறுத்தது. சேண்ட்ஹில்ஸின் மேற்கு ஓரத்தில் ஆண்டுக்குச் சுமார் 430 மில்லிமீட்டரும் கிழக்கு ஓரத்தில் 580 மில்லிமீட்டரும் மழை பெய்கிறது. காடு வளர அது போதாது. புல் வளர்ந்து மணலை மூடிக்கொள்ளப் போதும்.

கேள்வி: கடலே இல்லாத ஒரு நாட்டுநடுவில் இவ்வளவு மணல் எப்படி வந்து சேர்ந்தது? இந்த மேடுகள் இனி நகரவே நகராதா? (நாகர்கோவில் வாசகர்)

பதில்: மேற்கே ராக்கி மலைத்தொடரிலிருந்து பழைய ஆறுகள் இலட்சக்கணக்கான ஆண்டுகளாக அடித்துக்கொண்டு வந்து பரப்பிய வண்டலும் மணற்பாறையும் அந்தச் சமவெளியின் அடியில் கிடக்கின்றன. கடைசிப் பனியூழியின் வறண்ட காலங்களிலும் அதற்குப் பின்னரும், காற்று அவற்றிலிருந்து மணலை மட்டும் பிரித்தெடுத்துக் குவித்தது. புழுதி இன்னும் தொலைவுக்குப் பறந்து தென்கிழக்கே படிந்து, இன்று மக்காச்சோளம் விளையும் வளமான நிலமாயிற்று.

இந்த மேடுகள் ஒரே தடவையில் உருவாகி நின்றுவிட்டவை அல்ல. கடந்த 10,000 ஆண்டுகளுக்குள்ளேயே, நீண்ட வறட்சி வந்தபோதெல்லாம் புல் செத்து, மணல் மீண்டும் மீண்டும் நகர்ந்திருக்கிறது. பெரிய அளவில் அது கடைசியாக நடந்தது ஏறத்தாழ 800 முதல் 1,000 ஆண்டுகளுக்கு முன்பு. தஞ்சையில் பெரிய கோயில் எழும்பிய நூற்றாண்டை ஒட்டிய காலம் என்று சொன்னால் அது எவ்வளவு அண்மையது என்பது நமக்கு விளங்கும். அக்காலத்து மணல்வரிகள் கிடக்கும் திசையை ஆராய்ந்த அறிவியலாளர்கள், இன்று வசந்தகாலத்தில் தெற்கிலிருந்து ஈரத்தைச் சுமந்து வரும் காற்று அப்போது திசைமாறி, தென்மேற்கிலிருந்து வறண்ட காற்றாக வீசியிருக்க வேண்டும் என்று 2006ஆம் ஆண்டில் ஓர் ஆய்வில் எடுத்துரைத்தனர்.

இனி நகருமா என்பதற்கு ஒரு கள ஆய்வு ஓரளவு விடை தருகிறது. நெப்ராஸ்கா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தங்கள் ஆய்வுப் பண்ணையில் வட்டவட்டமான பாத்திகளில் களைக்கொல்லி தெளித்துப் புல்லை முழுவதுமாகக் கொன்று பார்த்தார்கள். மணல் உடனே கிளம்பிவிடவில்லை. செத்த வேர்களும் மேலே கிடந்த சருகும் சில காலம் அதைப் பிடித்து நிறுத்தின. அவை உளுத்த பிறகே அரிப்பு தொடங்கியது. ஆகவே, ஓரிரு ஆண்டு வறட்சியை இந்த நிலம் தாங்கிக்கொள்ளும். அமெரிக்கச் சமவெளி முழுவதும் புழுதிப் புயலால் தவித்த 1930களில்கூட இங்கே மேடுகள் பெரும்பாலும் தம் இடத்தை விட்டு அசையவில்லை. பத்து, இருபது ஆண்டுகள் தொடரும் வறட்சி என்றால் கதை வேறு.

சிறிய அளவில் மணல் எப்போதும் கிளம்பிக்கொண்டுதான் இருக்கிறது. மாடுகள் நாள்தோறும் ஒரே வழியாக நடந்து தண்ணீர்த் தொட்டிக்குப் போகும் தடத்திலோ, வேலி மூலையிலோ புல் தேய்ந்தால், அந்த இடத்தில் காற்று புகுந்து மணலை வாரி எறிந்து பெரிய கிண்ணம்போலக் குழித்துவிடும். அங்குள்ளோர் இதை ‘ப்ளோஅவுட்’ என்கிறார்கள். பழைய டயர்கள், கெட்டுப்போன புல்கட்டுகள், ஓட்டை உடைசல் கார்கள் என்று கையில் கிடைத்ததையெல்லாம் அதில் போட்டு மணலை நிறுத்துவது பண்ணைக்காரர்களின் வழக்கம்.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. ‘ப்ளோஅவுட் பென்ஸ்டமன்’ என்ற செடி, மணல் பறக்கும் இந்தக் குழிகளில் மட்டுமே வளரும். மெழுகு பூசினாற்போன்ற இலையும், வெளிர் ஊதாவில் கொத்துக் கொத்தாய்ப் பூக்கும் மணமிக்க பூவும் உடையது. மணல் மூடினால் புதைந்த தண்டிலிருந்து வேர்விட்டு மேலே வரும். ஆனால் அக்கம்பக்கத்தில் புல் அடர்ந்துவிட்டால் போட்டியிட முடியாமல் மறைந்துவிடும். பண்ணைக்காரர்கள் குழிகளை அக்கறையாக மூடியதாலும், தீயும் கட்டற்ற மேய்ச்சலும் குறைந்ததாலும், 1940வாக்கில் அது அழிந்தேபோயிற்று என்று எண்ணினார்கள். 1968இல் மீண்டும் தென்பட்டது. 1987இல் அருகிவரும் இனமாக அறிவிக்கப்பட்டது. நிலத்தைக் காத்த கையே செடியை ஒழிக்கப் பார்த்தது என்பதை மறைத்துப் பேசுவதில் பயனில்லை. இப்போது நாற்றங்காலில் வளர்த்த கன்றுகளைத் திறந்த மணற்குழிகளில் நட்டு வருகிறார்கள்.

கேள்வி: மணல்மேடுகளுக்கு நடுவே ஏரிகள் இருப்பதாக எழுதியிருந்தீர்கள். மணலில் தண்ணீர் எப்படி நிற்கும்? (கோயம்புத்தூர் வாசகர்)

பதில்: மணலில் நிற்காது; மணலுக்குள் இறங்கிவிடும். அதுதான் இதன் இரகசியம். பெய்த மழை வழிந்தோடுவதற்கு முன்பே நிலத்துக்குள் போய்விடுவதால், மேடுகளின் மீது ஓடைகளே அரிது. கீழே ‘ஒகலாலா’ என்ற மாபெரும் நிலத்தடி நீர்த்தேக்கம் இருக்கிறது. தெற்கே டெக்சாஸ் வரை பரவியுள்ள இந்தத் தேக்கத்தில், நீர் ஊறிய படுகை மிகத் தடித்திருப்பது சேண்ட்ஹில்ஸுக்கு அடியில்தான். சில இடங்களில் அந்தத் தடிமன் 300 மீட்டரை எட்டுகிறது. மற்ற மாநிலங்களில் இறைத்து இறைத்து நீர்மட்டம் இறங்கிக்கொண்டிருக்க, இங்கே மட்டும் பெருமளவு குறையாமல் நிற்கிறது. மேடுகளுக்கு இடைப்பட்ட பள்ளத்தின் தரை அந்த நீர்மட்டத்தைத் தொடும் இடங்களிலெல்லாம் ஏரியும் சதுப்பும் ஈரப்புல்வெளியும் தாமாகவே அமைந்துவிடுகின்றன. ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஏரிகள் உண்டு, பெரும்பாலானவை ஆழமற்றவை. நம் ஊர் ஏரியைப்போல மழைநீரைக் கரை கட்டித் தேக்கியவை என்று அவற்றை எண்ணக்கூடாது.

லூப், டிஸ்மல், காலமஸ் ஆகிய ஆறுகள் இந்த நிலத்தடி ஊற்றிலேயே பிறக்கின்றன. ஆகவே கோடையில் வற்றுவதும் மழைக்காலத்தில் கரை உடைப்பதும் அவற்றின் இயல்பன்று. ஆண்டு முழுவதும் கிட்டத்தட்ட ஒரே அளவில் ஓடும். டிஸ்மல் ஆற்றுப் பக்கத்து ஊற்று ஒன்றில், கீழிருந்து பீறிடும் நீரின் அழுத்தத்தால் வெண்மணல் உலைநீர்போலக் கொதித்துச் சுழன்றுகொண்டேயிருப்பதைப் பார்க்கலாம். தொட்டால் தண்ணீர் சில்லென்று இருக்கும்.

மேற்குப் பகுதியில் வடிகால் இல்லாத ஏரிகள் சில உவர் ஏறியவை. முதல் உலகப்போரின்போது ஜெர்மனியிலிருந்து பொட்டாஷ் வருவது நின்றுபோக, பருத்தி வயல்களின் உரத்துக்காக இந்த ஏரிநீரைக் காய்ச்சிப் பொட்டாஷ் எடுத்தார்கள். ஆண்டியாக் என்ற சிற்றூர் சில ஆண்டுகளில் ஆலைகளும் கூட்டமுமாய்ப் பெருத்தது. போர் முடிந்து ஜெர்மன் சரக்கு திரும்பியதும், 1921க்குள் எல்லாம் முடங்கிவிட்டது. சாலையோரத்தில் நிற்கும் கான்கிரீட் தூண்களே இப்போது மிச்சம்.

கேள்வி: நான் ஒரு விவசாயி. காலடியில் இவ்வளவு தண்ணீரை வைத்துக்கொண்டு அங்கே ஏன் பயிர் செய்யாமல் மாடு மட்டும் மேய்க்கிறார்கள்? (ஈரோடு வாசகர்)

பதில்: செய்து பார்த்துவிட்டுத்தான் விட்டார்கள். கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டிய கதை இது.

பானி, லக்கோட்டா முதலிய பூர்வகுடியினர் இங்கே காட்டெருமை வேட்டைக்கு வந்துபோனார்கள். அவர்களை வெளியேற்றிவிட்டு வந்த வெள்ளைக்காரப் பண்ணைக்காரர்கள் தொடக்கத்தில் இந்த மேடுகளுக்குள் நுழையவே அஞ்சினார்கள்; உள்ளே போன மாடு திரும்பாது என்பது அவர்களின் நம்பிக்கை. 1879இல் வசந்தத்தின் தொடக்கத்தில் வீசிய பனிப்புயல் ஒன்று நயோப்ராரா ஆற்றங்கரைப் பண்ணையின் மாடுகளை மேடுகளுக்குள் விரட்டிவிட, அவற்றைத் தேடிப்போனவர்கள் அவை செத்துக் கிடக்கும் என்று எதிர்பார்த்தார்கள். அவையோ நன்கு கொழுத்து நின்றன. முந்தைய ஆண்டுகளில் வழிதவறிப்போய் அங்கேயே ஈன்று பெருகிய, சூட்டுக்குறியே இல்லாத மாடுகளும் கூடவே கிடைத்தன. மேடுகளுக்கிடையே ஒதுங்க இடம், பள்ளத்தில் தண்ணீர், குளிரிலும் நின்று காய்ந்த புல் என மாட்டுக்கு வேண்டியதெல்லாம் அங்கே இருந்தது.

அடுத்து வந்தது உழவு. 1862ஆம் ஆண்டுச் சட்டப்படி குடியேறுபவருக்கு 160 ஏக்கர் இலவசம். மணலில் அது எதற்கும் காணாது என்று கண்டு, மோசஸ் கின்கெய்டு என்ற நாடாளுமன்ற உறுப்பினர் கொண்டுவந்த 1904ஆம் ஆண்டுச் சட்டம் மேற்கு நெப்ராஸ்காவில் ஆளுக்கு 640 ஏக்கர் வழங்கியது. ஆயிரக்கணக்கானோர் வந்தார்கள்; 1907 முதல் கறுப்பின மக்கள் டிவிட்டி என்ற குடியிருப்பையும் அமைத்தார்கள். மரமில்லாத ஊரில் புல்தரையை வேரோடு பாளம்பாளமாக வெட்டி அடுக்கிச் சுவரெழுப்பி வாழ்ந்தார்கள். ஆனால் ஏர் பட்ட இடமெல்லாம் ஓரிரு விளைச்சலுக்குப் பின் மணல் பறக்கத் தொடங்கியது. பெரும்பாலோர் நிலத்தைப் பக்கத்துப் பண்ணைக்கு விற்றுவிட்டுப் போனார்கள்.

1970களில் மூன்றாவது முயற்சி. வயல் நடுவே கிணறு, அதைச் சுற்றி வட்டமடிக்கும் நீண்ட தெளிப்புநீர்க் குழாய் என்ற ‘சென்டர் பிவட்’ முறையில் மணல்மேட்டைச் சமப்படுத்தி மக்காச்சோளம் போட்டார்கள். தண்ணீருக்குப் பஞ்சமில்லை, ஆனால் போட்ட உரம் மணல்வழியே நேரே நிலத்தடி நீருக்கு இறங்கியது, விளைச்சல் இல்லாத மாதங்களில் மண் பறந்தது, செலவுக்கும் விலைக்கும் கட்டவில்லை. ஓரங்களில் சில வட்டங்கள் இன்றும் உண்டு. உட்பகுதியில் பல கைவிடப்பட்டுப் புல்லுக்குத் திரும்பின. என் கருத்தில், இந்த நிலத்தில் தண்ணீர் ஒருபோதும் குறையாக இருந்ததில்லை. புல்லை எடுத்துவிட்டால் மண்ணே நிற்காது என்பதுதான் குறை.

இன்றைய பண்ணை முறையைப் பாருங்கள். ஒரு பசுவுக்கும் கன்றுக்குமாகச் சுமார் 10 முதல் 20 ஏக்கர் ஒதுக்குகிறார்கள். பெரிய வேலியடைப்புகளாகப் பிரித்து, ஓர் அடைப்பில் பாதிப் புல் தீரும் முன்பே மந்தையை அடுத்ததற்கு மாற்றுகிறார்கள். ஒவ்வோர் அடைப்பிலும் சிறு காற்றாலை ஒன்று நிலத்தடி நீரை வட்டத் தொட்டியில் இறைத்துக்கொண்டிருக்கும், மின்சாரம் தேவையில்லை. வசந்தத்தில் கன்று ஈனும் காலம், இரவிலும் தூக்கமில்லை. ஜூலை, ஆகஸ்டில் பள்ளத்து ஈரப்புல்லை அறுத்து உலர்த்திக் கட்டுகளாக்கி வைத்தால், பனி மூடும் மாதங்களில் அதுவே தீவனம். இலையுதிர் காலத்தில் கன்றுகள் வெளியூர்த் தீவனப் பட்டிகளுக்கு விற்பனையாகும். குடும்பத்தின் ஆண்டு வருமானம் பெரும்பாலும் அந்த ஒரு விற்பனைதான். அமெரிக்காவிலேயே இறைச்சி மாட்டுப் பசுக்கள் மிகுந்த கவுண்டி (நம் மாவட்டம் போன்ற நிர்வாகப் பகுதி) இங்குள்ள செர்ரி கவுண்டி.

கேள்வி: மணல் அரிப்பைத் தடுக்க மரம் நடலாமே? (சேலம், கல்லூரி மாணவி)

பதில்: நட்டார்கள். சார்லஸ் பெஸ்ஸி என்ற தாவரவியல் பேராசிரியர் மணல்மேடுகளில் பைன் காடு வளரும் என்று விடாமல் வாதாடியதன் விளைவாக, 1902இல் குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹால்சி அருகே நிலம் ஒதுக்கினார். சுமார் 20,000 ஏக்கரில் கைகளால் நட்ட காடு உருவானது. ஒரு காலத்தில் நாட்டின் மிகப் பெரிய கைநடவுக் காடு என்று அதைச் சொன்னார்கள். அங்குள்ள நாற்றங்கால் இன்றும் மற்ற மாநிலங்களுக்குக் கன்று அனுப்புகிறது. அது நல்ல பயன்.

ஆனால் இன்று பண்ணைக்காரர்களின் பெரிய தலைவலிகளில் ஒன்று மரம். ஜூனிப்பர் குடும்பத்து ‘ஈஸ்டர்ன் ரெட்சீடர்’ மரத்தின் பழத்தைப் பறவைகள் தின்று விதையை எங்கும் தூவ, தீ அடக்கப்பட்ட புல்வெளியில் அது தானாகப் பரவி நிழலால் புல்லைக் கொல்கிறது. எண்ணெய்ச் சத்துள்ள அம்மரம் தீப்பிடித்தால் அடக்குவது கடினம். ஹால்சி காட்டுப் பகுதியில் 2022 அக்டோபரில் பரவிய தீ ஏறத்தாழ 19,000 ஏக்கரை எரித்தது. மரம் நடுவது எங்கும் எப்போதும் நன்மை என்ற நம் பொதுப்புத்திக்கு இது விதிவிலக்கு.

கேள்வி: அங்கே காணப்படும் விலங்கு, பறவைகளில் தனிச்சிறப்பானவை எவை? (திருநெல்வேலி, பள்ளி மாணவர்)

பதில்: ஒன்றிரண்டை மட்டும் சொல்கிறேன். ‘பிரெய்ரி சிக்கன்’ என்ற புல்வெளிக் கோழியின் சேவல்கள் மார்ச், ஏப்ரல் மாதங்களில் விடியலுக்கு முன்பே ஒரு குறிப்பிட்ட மொட்டை மேட்டில் கூடுகின்றன. கழுத்தின் இருபுறமும் உள்ள ஆரஞ்சு நிறப் பைகளை ஊதி, காலால் தரையைத் தடதடவென்று மிதித்து, வாய்குறுகிய குடத்தில் ஊதினாற்போன்ற ஓசையை எழுப்பும். காற்றில்லாத காலையில் அது ஒரு மைலுக்கு அப்பாலும் கேட்கும். சேண்ட்ஹில் கிரேன் என்ற பெருங்கொக்கின் பெயர் இந்நிலத்தைக் கொண்டது. ஆனால் வசந்தத்தில் இலட்சக்கணக்கில் அவை கூடும் இடம் இதற்குத் தெற்கே உள்ள பிளாட் ஆறு.

எனக்கு அதைவிட வியப்பளிப்பது ஒரு வண்டு. ‘அமெரிக்கன் பரியிங் பீட்டில்’ என்ற பிணம் புதைக்கும் வண்டு, கட்டைவிரல் நீளம் இருக்கும். பளபளக்கும் கருப்பில் ஆரஞ்சுச் சிவப்புப் பட்டைகள். புறா அளவுள்ள பறவையோ எலியோ செத்துக் கிடந்தால் ஆணும் பெண்ணும் அதன் அடியிலிருந்து மண்ணை அகற்றி ஒரே இரவில் புதைத்துவிடும். இறகையும் மயிரையும் நீக்கி, உருண்டையாக்கி, அழுகாதபடி தம் உடலில் சுரக்கும் நீரைப் பூசி, அருகே முட்டையிடும். பொரித்த புழுக்களுக்குத் தாயும் தந்தையும் சேர்ந்து வாயில் ஊட்டும். பூச்சிகளில் இப்படித் தந்தையும் பிள்ளை வளர்ப்பது அரிது. ஒரு காலத்தில் கிழக்கு அமெரிக்கா முழுவதும் இருந்த இவ்வண்டு இன்று எஞ்சியிருக்கும் சில இடங்களில் சேண்ட்ஹில்ஸ் ஒன்று. இதன் பொருட்டு ஓர் உயர் மின்னழுத்தத் தடத்தின் அனுமதியே 2020இல் நீதிமன்றத்தில் நீக்கப்பட்டது.

கேள்வி: கனடாவிலிருந்து வரவிருந்த எண்ணெய்க் குழாயை எதிர்த்தது இந்தப் பகுதி மக்கள்தானா? (சென்னை வாசகர்)

பதில்: ஆம். 2008இல் முன்மொழியப்பட்ட கீஸ்டோன் எக்ஸ்எல் குழாயின் முதல் தடம் சேண்ட்ஹில்ஸின் கிழக்குப் பகுதி வழியே போனது. கசிந்தால் மணல்வழியே எண்ணெய் நேராக நிலத்தடி நீருக்குப் போகும். தோண்டிய தடத்தில் புல் மீண்டும் பிடிக்குமா என்பதும் கேள்வி. வழக்கமாகச் சூழலியலாளர்களோடு ஒத்துப்போகாத மாட்டுப் பண்ணைக்காரர்களும் பூர்வகுடியினரும் ஒரே அணியில் நின்றார்கள். தடம் கிழக்கே மாற்றப்பட்டது. 2021இல் திட்டமே கைவிடப்பட்டது.

கேள்வி: அங்கே மக்கள் எவ்வளவு பேர்? போய்ப் பார்க்க விரும்புவோர் எப்போது போகலாம்? (பெங்களூரு வாசகர்)

பதில்: மிகச் சிலர். செர்ரி கவுண்டி 15,000 சதுர கிலோமீட்டருக்கும் அதிகமான பரப்புடையது. மக்கள்தொகை ஆறாயிரத்தைத் தொடவில்லை. ஆர்தர் கவுண்டியில் 2020 கணக்கெடுப்பின்படி 434 பேர். மரமும் செங்கல்லும் கிடைக்காத அந்த ஊரில் 1928இல் வைக்கோல் கட்டுகளை அடுக்கிச் சாந்து பூசிக் கட்டிய தேவாலயம் இன்றும் நிற்கிறது.

மே இறுதி முதல் ஜூன் வரை பச்சை. செப்டம்பரில் ‘லிட்டில் புளூஸ்டெம்’ புல் செம்பழுப்பாக மாறும்போது நிறம் இன்னும் அழகு. குளிர்காலத்தில் போக வேண்டாம். கிராண்ட் ஐலண்டிலிருந்து அலையன்ஸ் வரை செல்லும் 2ஆம் எண் நெடுஞ்சாலை மேடுகளின் நடுவே போகிறது; பக்கத்திலேயே வயோமிங் மாநில நிலக்கரியை ஏற்றிய ரயில்கள் ஓடும். காலமஸ் போன்ற ஆறுகளில் மாட்டுத் தண்ணீர்த் தொட்டிக்குள் பலகை போட்டு உட்கார்ந்து நீரோட்டத்தோடு மிதந்து போவது உள்ளூர்ப் பொழுதுபோக்கு, வாடகைக்குக் கிடைக்கும். செர்ரி கவுண்டியின் நடுவே நேர மண்டலக் கோடு போவதால் கடிகாரத்தை ஒரு மணி நேரம் மாற்ற நேரிடும். பெட்ரோலை ஊர் கண்ட இடத்தில் நிரப்பிக்கொள்ளுங்கள். அடுத்த நிலையம் அறுபது மைலுக்கு அப்பால் இருக்கலாம். நிலம் பெரும்பாலும் தனியாருடையது. அனுமதி பெற்று உள்ளே சென்றால், திறந்திருந்த கதவைத் திறந்தபடியும் மூடியிருந்ததை மூடியும் விட்டுவர வேண்டும், வண்டியைத் தடத்தை விட்டுப் புல்மீது ஏற்றக்கூடாது.